செய்தி நேரத்து அம்மா

ஆவடி
12.11.89

அன்புள்ள புஷ்பாவுக்கு,

உன் அண்ணி ஜெகதாம்பாள் எழுதிக்கொள்வது. இங்கே நான், உன் அண்ணன், உன் மகள் குமுதா மூன்று பேரும் சுகம். அந்த ஊர் வெயிலில் நீ எப்படி இருக்கிறாயோ, உடம்பைப் பற்றி மறைக்காமல் எழுது.

நீ அனுப்பிய கலர் டி.வி. நல்லபடியாக வந்து சேர்ந்தது. குவைத்தில் உன் முதலாளி வீட்டில் டிரைவராக இருக்கிறாரே பாரிவாக்கம் பால்ராஜ், அவரே லீவில் வந்தபோது டாக்ஸி பிடித்துக் கொண்டுவந்து இறக்கினார். குவார்ட்டர்ஸில் எங்கள் வரிசைக்கே இதுதான் முதல் கலர் டி.வி. பக்கத்து வீட்டு ராஜம்மா வந்து எட்டிப் பார்த்தாள். கறுப்பு வெள்ளைதான் கண்ணுக்கு நல்லது என்று டாக்டர் சொன்னாராம். சொல்லிவிட்டு அரைமணி நேரம் உட்கார்ந்து பார்த்துவிட்டுத்தான் போனாள்.

உன் மகள் செய்த கூத்தைக் கேள். அட்டைப் பெட்டியைப் பிரித்ததும் உள்ளே கைவிட்டுத் துழாவினாள். தெர்மோகோலையெல்லாம் வெளியே அள்ளிப் போட்டாள். என்னடி தேடுகிறாய் என்றால், அம்மாவை என்கிறாள். உன் அண்ணன் மொட்டை மாடியில் ஆன்டெனாவைத் திருப்ப, நான் கீழேயிருந்து வருது, போச்சு என்று கத்திக்கொண்டிருந்தேன். இவள் மாடிக்கு ஓடிப்போய், "குவைத் பக்கமா திருப்பு மாமா, அம்மா தெரியும்" என்றாளாம். அந்த மனுஷர் மேலேயிருந்து என்னைக் கேட்கிறார், "எந்தப் பக்கம்டி கீது குவைத்து?" தெருவே சிரித்தது.

பெட்டிக்குள் இருப்பவர்களுக்கு நாம் தெரிகிறோம் என்று நினைக்கிறாள். செய்தி வாசிக்கும் அம்மாள் வணக்கம் சொன்னால் இவள் கவுனை இழுத்து விட்டுக்கொண்டு எழுந்து நின்று கும்பிடுகிறாள். கல்யாணமாகிப் பன்னிரண்டு வருஷமாகச் சத்தமே இல்லாமல் கிடந்த வீடு இது. நீ குழந்தையை என்னிடம் விட்டுப்போன இந்த இரண்டு வருஷமாகத்தான் வீடு வீடாக இருக்கிறது.

வேறு விசேஷம் இல்லை. வேளாவேளைக்குச் சாப்பிடு.

இப்படிக்கு,
ஜெகதாம்பாள்

குவைத்
3.12.89

அன்பு அண்ணிக்கும் அண்ணனுக்கும் வணக்கம்.

நான் நலமாக இருக்கிறேன். உங்கள் மூட்டுவலி எப்படி இருக்கிறது? பால்ராஜிடம் தைலம் கொடுத்தனுப்பினேன், தேய்த்துக்கொள்கிறீர்களா?

குமுதா என்னைப் பெட்டிக்குள் தேடினாள் என்று படித்ததும் சமையலறையில் உட்கார்ந்து அழுதுவிட்டேன். முதலாளியம்மா பார்த்துவிட்டு வெங்காயத்தை வேறொருத்தியிடம் கொடுத்துவிட்டாள். அண்ணி, எனக்கு இருக்கிற பயம் ஒன்றே ஒன்றுதான். குமுதாவின் அப்பா எங்களை அம்போ என்று விட்டுப் போனதுகூட எனக்குப் பெரிதில்லை. நான்கு வயதில் விட்டு வந்தேன். திரும்பி வரும்போது யார் நீ என்று அவள் என்னைக் கேட்டுவிடக் கூடாது. கேட்டுவிட்டால் நான் இங்கே ஊரார் பிள்ளைகளுக்குக் கழுவிவிட்டதற்கெல்லாம் அர்த்தமே இல்லை.

ஆகையால் ஓர் உபகாரம் செய்யுங்கள். அவள் நினைப்பதை மாற்றாதீர்கள். சாயங்காலம் செய்தி வாசிக்க வருகிறாளே, அந்த நேரத்தில் உன் அம்மாவும் இந்தப் பெட்டி வழியாகக் குவைத்திலிருந்து உன்னைப் பார்க்கிறாள் என்று சொல்லுங்கள். அம்மாவால் பேசத்தான் முடியாது, பார்க்கவும் கேட்கவும் முடியும் என்று சொல்லுங்கள். தினமும் ஒரு தடவை என்னை நினைத்தால் போதும்.

அண்ணனை பீடியைக் குறைக்கச் சொல்லுங்கள். குழந்தைக்கு என் முத்தங்கள்.

உங்கள்,
புஷ்பா

ஆவடி
20.1.90

அன்புள்ள புஷ்பாவுக்கு,

எல்லோரும் நலம். பொங்கல் நல்லபடியாகப் போயிற்று. தைலம் கைகண்ட மருந்தாக இருக்கிறது, இன்னும் ஒரு பாட்டில் அனுப்பு.

நீ சொன்னபடி சொன்னேன். சொன்னது தப்பாகப் போயிற்றோ என்று இப்போது நினைக்கிறேன். சாயங்காலம் ஆனால் முகம் கழுவி, பவுடர் போட்டு, சிலேட்டை எடுத்துக்கொண்டு பெட்டிக்கு முன்னால் உட்கார்ந்துவிடுகிறாள். ஒன்றாம் வகுப்புப் பாடத்தை எல்லாம் ஒப்பிக்கிறாள். தட்டில் போட்ட சோற்றைத் தூக்கிக் காட்டுகிறாள். செய்தி வாசிப்பவள் பாவம், டெல்லியில் மந்திரி மாறியதைச் சொல்கிறாள். இவள் அவளிடம் பல் விழுந்ததைச் சொல்கிறாள்.

அதோடு நின்றால் பரவாயில்லை. என்னைப் பற்றிப் புகார் சொல்ல ஆரம்பித்துவிட்டாள். போன வெள்ளிக்கிழமை பாட்டுப் பார்க்க ராஜம்மா உட்பட பத்துப் பேர் கூடத்தில் உட்கார்ந்திருக்கிறார்கள். இவள் எழுந்து போய்ப் பெட்டியைக் கட்டிக்கொண்டு, "அம்மா, அத்தே என்ன அடிச்சிச்சி. நீ வந்து கூட்டிகினு போ" என்கிறாள். எல்லோரும் என் முகத்தைப் பார்த்தார்கள். தலைக்கு எண்ணெய் வைக்க உட்கார மாட்டேன் என்று ஓடினவளை முதுகில் ஒன்று வைத்தேன், அவ்வளவுதான். ராஜம்மா உச்சுக்கொட்டிய சத்தம் இன்னும் காதில் இருக்கிறது. அவர்கள் போனபிறகு இன்னும் இரண்டு வைத்தேன். மறைக்கவில்லை, எழுதிவிட்டேன்.

ஒரு நன்மையும் உண்டு. அம்மா பார்க்கிறாள் என்று சொன்னால் பாலை மிச்சம் வைக்காமல் குடித்துவிடுகிறாள்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

ஜெகதாம்பாள்

குவைத்
18.2.90

அண்ணிக்கு,

நலம். நலம்தானே?

கடிதம் பார்த்தேன். என் குழந்தை மேல் கை வைக்க உங்களுக்கு யார் உரிமை கொடுத்தது? உங்களை நம்பித்தானே விட்டு வந்தேன். இல்லாத அம்மாவிடம் போய்ப் புகார் சொல்கிற அளவுக்கு அவளுக்கு அங்கே என்ன நடக்கிறது? பத்துப் பேர் முன்னால் உங்கள் முகம் வாடியதுதான் உங்களுக்குப் பெரிதாக இருக்கிறது. பெற்றிருந்தால் உங்களுக்குக் கை எழும்பியிருக்காது.

தைலம் அனுப்பியிருக்கிறேன். அண்ணனுக்கு ஒரு சட்டைத்துணியும் இருக்கிறது.

புஷ்பா

ஆவடி
10.6.90

புஷ்பாவுக்கு,

இங்கே எல்லோரும் சுகம். நீயும் சுகமாக இருக்க வேண்டும்.

தைலம் வந்தது. துணி வந்தது. வேலை அதிகம், அதனால் பதில் எழுத முடியவில்லை. குமுதா இரண்டாம் வகுப்புக்குப் போகிறாள். நன்றாகச் சாப்பிடுகிறாள். யாரும் அவளை அடிப்பதில்லை.

ஜெகதாம்பாள்

குவைத்
15.7.90

என் பிரியமான அண்ணிக்கு வணக்கம்.

நான்கு மாதம் கழித்து வந்த கடிதத்தில் நான்கே வரி. அதிலும் உங்கள் மூட்டுவலி பற்றி ஒரு வார்த்தை இல்லை. கோபம் இன்னும் போகவில்லை என்று தெரிகிறது. நான் எழுதியது தப்பு அண்ணி. அன்றைக்கு இங்கே முதலாளியம்மா என்னை அறைந்திருந்தாள். அந்த ஆத்திரத்தை உங்கள்மேல் காட்டிவிட்டேன். என் வாயில் புற்று வைக்க. மன்னித்துவிடுங்கள்.

இனி உங்களுக்கும் தொல்லை இருக்காது. பொங்கலுக்கு ஒரேயடியாக வந்துவிடுகிறேன். அம்பத்தூரில் ஏற்றுமதித் துணிக் கம்பெனிகளில் தையலுக்கு ஆள் எடுக்கிறார்களாம். அங்கேயே ஒரு ரூம் எடுத்து, குமுதாவைக் கூட்டிப்போய்ப் பள்ளிக்கூடத்தில் போட்டுவிடுவேன். நீங்களும் அண்ணனும் நிம்மதியாக இருக்கலாம். டி.வி. உங்களுக்குத்தான், அதைக் கேட்கமாட்டேன். பொங்கலுக்கு அம்மா நேரிலேயே வருவாள் என்று செய்தி நேரத்தில் அவளிடம் சொல்லுங்கள்.

அண்ணனுக்கு என் அன்பு.

புஷ்பா

ஆவடி
14.8.90
(குவைத்துக்குத் தபால் போக்குவரத்து இல்லை என்று திரும்பி வந்த கடிதம்)

அன்புள்ள புஷ்பா,

நீ நலமா என்று வழக்கம்போல எழுதக் கை வரவில்லை. இருக்கிறாயா என்றுதான் கேட்க வேண்டியிருக்கிறது. ஈராக்காரன் புகுந்துவிட்டான் என்று செய்தி வந்த நாளிலிருந்து வீட்டில் யாருக்கும் சோறு இறங்கவில்லை.

நாங்கள் டி.வி.யைப் போடாமல் இருந்திருக்க வேண்டும். குவைத் தெருவில் டாங்கி வரிசையாகப் போவதைக் காட்டினான். உன் அண்ணன் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்தாரா? தினமும் பாக்டரியில் டாங்கியோடு மாரடிக்கிற மனுஷர். "நம்ம வண்டி மாறியே கீதுடி. அதே ரஷ்யா மாடலு" என்று பெருமையாகச் சொல்லிவிட்டார். வெள்ளானூர் ரோட்டில் டாங்கியை டிரையல் ஓட்டும்போது அலமாரிப் பாத்திரமெல்லாம் ஆடுமே, அதைப் பார்த்து வளர்ந்த பிள்ளை இவள். மெதுவாக அவர் பக்கத்தில் போய், "நீதான் அனுப்பிச்சியா மாமா?" என்று கேட்டாள். அவர் எப்போதும்போல விளையாட்டாக, "பின்னே? நான் போல்ட் போடலன்னா அது நவுருமா?" என்றார்.

மறுநாள் காலை அவருடைய பூட்ஸைக் காணவில்லை. சாக்கடையில் கிடந்தது. அதற்கு மறுநாள் சைக்கிள் டயரில் ஆணி. மூன்றாம் நாள் அவர் வேலைக்குக் கிளம்பும்போது கையைப் பிடித்துக் கடித்துவிட்டாள். சதை பிய்ந்துவிட்டது. வேலைக்குப் போகாதே, போகாதே என்று கத்திக்கொண்டே கடிக்கிறாள். அவருக்கு ஒன்றும் புரியவில்லை, பெல்ட்டைக் கழற்றி விளாசிவிட்டார். எனக்குப் புரிந்தது. மாமா பாக்டரிக்குப் போய்ச் செய்கிற டாங்கிதான் உன் தெருவுக்கு வருகிறது என்று நினைக்கிறாள். அவர் போகாமல் இருந்தால் நீ பிழைப்பாயாம். நான் புரிந்துகொண்டு அவரிடம் சொல்வதற்குள் அடி விழுந்துவிட்டது.

அன்று சாயங்காலம் முதுகெல்லாம் தடித்துக் கிடக்க, செய்தி வாசிப்பவளிடம் போய் நின்றாள். டாங்கியை எங்க அம்மா வீட்டைச் சுற்றிக்கொண்டு போகச் சொல்லுங்க என்று கும்பிட்டாள். அவள் படித்து முடித்து வணக்கம் சொல்லிவிட்டுப் போய்விட்டாள். நான் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டேன்.

இப்போது அவளுக்குக் காய்ச்சல். என் மடியை விட்டு இறங்குவதில்லை. என் கழுத்தைக் கட்டிக்கொண்டு தூங்குகிறாள். எனக்கு அது பிடித்திருக்கிறது என்று சொன்னால் நீ என்னைக் கொன்றுவிடுவாய். எப்படியும் இந்தக் கடிதம் உன்னிடம் வந்து சேரப்போவதில்லை என்றுதான் எழுதுகிறேன்.

ஜெகதாம்பாள்

அம்மான், ஜோர்டான்
2.9.90

அண்ணிக்கு,

மேலே படிப்பதற்கு முன்னால் குமுதாவைக் கூப்பிட்டு, உன் அம்மா உயிரோடு இருக்கிறாள் என்று சொல்லிவிடுங்கள். பிறகு மிச்சத்தைப் படியுங்கள்.

முதலாளி வீட்டார் காரில் தப்பிப்போய்விட்டார்கள். எங்களைக் கூப்பிடவில்லை. பால்ராஜ்தான் என்னையும் இன்னும் சில பெண்களையும் லாரியில் ஏற்றி, பாலைவனம் தாண்டி ஜோர்டானுக்குக் கொண்டுவந்து சேர்த்தார். கூடாரத்தில் இருக்கிறோம். உடுத்திய புடவை ஒன்றுதான் மிச்சம். விமானத்தில் இடம் வரிசைப்படி கொடுக்கிறார்கள். பால்ராஜுக்கு நாளைக்கே கிடைத்துவிட்டது. இந்தக் கடிதத்தை அவர் கையில் கொடுத்து விடுகிறேன், நேரே உங்களிடம்தான் வருவார். என் முறை வர இரண்டு மூன்று வாரம் ஆகலாம்.

குழந்தை பயந்திருப்பாள். டி.வி.யில் இதையெல்லாம் காட்டினார்களா? பார்க்க விடாதீர்கள்.

உங்கள் எல்லோரையும் பார்க்கப் போகிறேன் என்பதே எனக்குப் போதும்.

புஷ்பா

அம்பத்தூர்
4.11.90

அண்ணிக்கு,

நான் உயிரோடு இருக்கிறேன். நீங்கள் நலமாகத்தான் இருப்பீர்கள்.

ஆவடியிலிருந்து மூன்றாவது ஸ்டேஷனில் இருந்துகொண்டு உங்களுக்குக் கடிதம் எழுதுகிறேன். குவைத்திலிருந்து எழுதியபோது இவ்வளவு தூரமாகத் தெரியவில்லை. தையல் கம்பெனிப் பெண்களோடு ஒரு ரூமில் இருக்கிறேன். நேரில் பேச என்னால் ஆகாது, கை நீண்டுவிடும்.

செப்டம்பர் கடைசியில் நான் வாசலில் வந்து நின்றபோது குமுதா ஓடிவரவில்லை. கட்டிப்பிடித்தேன், கட்டையாக நின்றாள். உங்களைத் திரும்பிப் பார்த்து, "இவங்க எந்தப் படத்துல வர்றாங்க?" என்று கேட்டாள். அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். நீங்கள் காபி போட உள்ளே போனீர்கள்.

சாயங்காலம் அவளைத் தனியாக உட்காரவைத்துக் கேட்டேன். டீச்சர் மாதிரிப் பொறுமையாக எனக்கு விளக்கினாள். "எங்க அம்மா செத்துட்டாங்க. டி.வி.யிலே வண்டி எரிஞ்சிச்சி, அத்தே கைய வச்சி காட்டிச்சி. ஞாயித்துக்கெழம படத்துல செத்தவங்க அடுத்த வாரம் அதே மூஞ்சியோட வேற பேர்ல வர்றாங்க இல்ல? அது நடிப்பு. நீங்க எங்க அம்மாவா நடிக்கிறீங்க."

எப்போது காட்டினார்கள் என்று கேட்டேன். பால்ராஜ் மாமா பிஸ்கட் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போன அன்றைக்கு என்றாள். அவர் பேசும்போது தன்னை ராஜம்மா வீட்டுக்கு அனுப்பிவிட்டீர்கள் என்றும் சொன்னாள். என் கடிதம் உங்கள் கையில் இருக்கும்போதே நீங்கள் என்னைக் கொன்றிருக்கிறீர்கள் அண்ணி.

மாமா டாங்கி இல்லை, அது வேறு ஆள் டாங்கி, மாமா டாங்கி அம்மாவைக் காப்பாற்றப் போய் நேரமாகிவிட்டது என்றும் கதை கட்டியிருக்கிறீர்கள். அதனால் இப்போது அவரை அப்பா என்கிறாள்.

பத்து நாள் பொறுத்தேன். சோறு ஊட்டினால் நன்றி சொல்கிறாள். பக்கத்தில் படுத்தால் நகர்ந்து படுக்கிறாள். பதினோராம் நாள் கையைப் பிடித்து ஸ்டேஷனுக்கு இழுத்துப் போனேன். நடந்தது உங்களுக்குத் தெரியும். இருந்தாலும் எழுதுகிறேன், எழுதாவிட்டால் என் நெஞ்சு வெடித்துவிடும். பிளாட்பாரத்தில் பிள்ளை பிடிக்கிறவள் என்று கத்தினாள். கூட்டம் கூடி என் கையை முறுக்கினார்கள். பூக்காரி ஒருத்தி என்னைச் செருப்பால் அடித்தாள். உன் அம்மா யாரென்று அவளைக் கேட்டார்கள். மூச்சிரைக்க ஓடிவந்த உங்களைக் காட்டி, "அதோ, அம்மா" என்றாள். அப்புறம் உங்களிடம் கேட்டார்கள், இது யாரென்று. நீங்கள் சொன்னீர்கள்: "என் நாத்தனாரு. குவைத்திலேர்ந்து வந்ததுலேர்ந்து புத்தி சரியில்ல, உட்டுடுங்க."

என்னை விட்டுவிட்டார்கள்.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். ஏன்?

புஷ்பா

ஆவடி
18.11.90

அன்புள்ள புஷ்பாவுக்கு,

இங்கே எல்லோரும் நலம். கம்பெனியில் நாள் முழுக்கத் தையல் மிஷின் மிதிக்கிற வேலையாமே, காலுக்குத் தைலம் தேய்.

கேட்டுவிட்டாய், சொல்கிறேன். நீ எழுதியபடி, மிச்சத்தைப் படிப்பதற்கு முன்னால் அவளைக் கூப்பிட்டேன். ராஜம்மா வீட்டிலிருந்து ஓடிவந்து, என்ன அத்தே என்று மடியில் ஏறி உட்கார்ந்தாள். காய்ச்சல் விட்டு உடம்பு சில்லென்று இருந்தது. வாயைத் திறந்தால் இந்த மடி காலி, பொங்கலுக்கு இந்த வீடும் காலி. டி.வி.யில் ஏதோ ஒரு வண்டி எரிந்துகொண்டிருந்தது. விரலை நீட்டினேன். நான் பேசக்கூட இல்லை, அவளாகவே அழ ஆரம்பித்தாள். பிறகுதான் பேசினேன். அவ்வளவுதான் நடந்தது.

உன் அண்ணன் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. அவள் அவரை அப்பா என்று கூப்பிட்ட அன்று பேசிவிட்டார்.

பெட்டிக்குள் அம்மா இருக்கிறாள் என்று சொல்லச் சொன்னவள் நீ. நான் சொன்னது ஒரு பொய், நீ சொல்லவைத்தது எட்டு மாதப் பொய். ஊரான் பிள்ளையை ஊட்டி வளர்த்தால் தன் பிள்ளை தானே வளரும் என்பார்கள். ஊட்டினேன். எனக்கென்று ஒன்று வளரவில்லை. பெற்றிருந்தால் கை எழும்பியிருக்காது என்று எழுதினாயே, அந்த வரியை நான் நான்கு மாதம் சாப்பிட்டேன். மன்னிப்புக் கேட்டாய், சரி. அதே கடிதத்தில் அவளைக் கூட்டிப்போகிறேன் என்றும் எழுதினாய். எனக்கு வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் திருப்பிக் கொடுக்கிற அளவுக்கு இல்லை.

போலீஸ், வக்கீல் என்று போனால் போ. ஜட்ஜ் கேட்டால் அவள் என்ன சொல்வாள் என்று உனக்கே தெரியும். பிளாட்பாரத்திலேயே கேட்டுவிட்டாயே.

தீபாவளிக்கு நீ கொடுத்தனுப்பிய பாவாடை சட்டை அளவு சரியாக இருந்தது. அத்தை அனுப்பியது என்று சொன்னேன். அப்பாவுடைய தங்கை அத்தைதானே என்று அவளே கணக்குப் போட்டுக்கொண்டாள். அவளாக உட்கார்ந்து எழுதியதை இதோடு வைத்திருக்கிறேன். நான் ஒரு வார்த்தையும் சொல்லித்தரவில்லை.

உடம்பைக் கவனித்துக்கொள்.

ஜெகதாம்பாள்

அன்புள்ள அத்தைக்கு,

குமுதா எழுதுவது. நான் அம்மா அப்பா மூன்று பேரும் நலம். நீங்கள் நலமா. பாவாடை மிகவும் அழகாக உள்ளது. ராஜம்மா மாமி நல்ல கலர் என்று சொன்னார்கள்.

உங்கள் புத்தி சரியாகிவிட்டதா. சாமியிடம் வேண்டிக்கொண்டேன்.

நீங்கள் எங்கள் வீட்டுக்கு வரலாம். பயப்பட வேண்டாம், நான் கத்தமாட்டேன். அன்றைக்கு நீங்கள் எங்கள் செத்துப்போன அம்மாவாக நடித்தது நன்றாக இருந்தது. ஸ்டேஷனில் அழுதீர்களே, அது நிஜம் மாதிரியே இருந்தது. அடுத்த தடவை அத்தையாகவே வாருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் அண்ணன் மகள்
ல. குமுதா
இரண்டாம் வகுப்பு